ஜார்ஜ் டவுனில் வழிகாட்டியுடன் நடப்பது: ஞாயிறா, வேலைநாளா, எத்தனை இடங்கள்?

கோவைப் பயணி எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். சென்ற மாதம் சென்னைக்கு வந்திருந்தபோது, பாரிமுனையில் தொடங்கி ஜார்ஜ் டவுன் தெருக்களைச் சுற்றிக்காட்டும் மரபு நடை ஒன்றில் ஞாயிற்றுக்கிழமை காலையில் கலந்துகொண்டேன். மூன்று மணி நேரம், பதினான்கு இடங்கள், நாற்பது பேர், ஒரே ஒரு வழிகாட்டி. முன்னால் நின்ற ஏழெட்டுப் பேருக்கு அவர் சொன்னது முழுமையாகக் கேட்டிருக்கும். பின்னால் நின்ற எங்கள் காதில் கட்டடத்தின் பெயரும் ஆண்டும் மட்டுமே விழுந்தன. வீடு திரும்பியபின் கைப்பேசியிலிருந்த படங்களைப் புரட்டிப் பார்த்தால், பாதிக்கு மேற்பட்டவை எந்தத் தெருவில் எடுத்தவை என்றே சொல்ல முடியவில்லை. நடத்தியவர்களின் பெயரைச் சொல்லிக் குறைகூறுவது என் நோக்கமன்று. அவர்கள் ஆர்வத்தோடுதான் செய்தார்கள்.

அடுத்த மாதம் என் தாயார் என்னுடன் வருகிறார். அறுபத்தாறு வயது, கும்பகோணத்தில் பிறந்து வளர்ந்தவர், கோயில் வீதிகளில் நடந்து பழகியவர்; ஆனால் முழங்கால்வலி உண்டு. அவருக்கு இதே பகுதியை உருப்படியாகக் காட்ட வேண்டும் என்று விரும்புகிறேன். ஞாயிறு நல்லதா, வேலைநாள் நல்லதா? வழிகாட்டி அவசியமா, அல்லது கைப்பேசி வரைபடத்தை வைத்துக்கொண்டு நாங்களே நடந்துவிடலாமா? அந்தப் பகுதியை அறிந்தவர்கள் சொல்லுங்கள்.

மண்ணடி வாசி எழுதியது:

பிறந்ததிலிருந்து இந்தப் பகுதியில் இருப்பவன் என்ற உரிமையில் சொல்கிறேன்: ஞாயிற்றுக்கிழமை ஜார்ஜ் டவுனைப் பார்ப்பது, தேர் நிலைக்கு வந்த மறுநாள் தேரோடும் வீதியைப் பார்ப்பதைப் போன்றது. தெரு இருக்கும், தேர் இருக்காது. ஆண்டர்சன் தெரு என்றால் காகிதமும் திருமண அழைப்பிதழும், கோடவுன் தெரு என்றால் துணி என்று தெருவுக்கு ஒரு வணிகம் இங்கே தலைமுறைகளாக நிலைத்திருக்கிறது. ஞாயிறு காலையில் நீங்கள் கண்டது இழுத்து மூடிய இரும்புக் கதவுகளையும் அவற்றின் மேல் ஒட்டியிருந்த சுவரொட்டிகளையும்தான். மூடிய கதவுகளுக்கு முன்னால் நின்றுகொண்டு இந்தத் தெரு பெரிய சந்தை என்று ஒருவர் சொன்னால் அது எப்படி மனத்தில் பதியும்?

வேலைநாளில் காலை எட்டரை மணிக்கு வாருங்கள். கடைகள் ஒவ்வொன்றாகத் திறக்கும் நேரம். வாசல் தெளித்துச் சாம்பிராணி காட்டுவார்கள், மீன்பாடி வண்டிகளில் சரக்கு வந்து இறங்கும், சுமைதூக்கும் தோழர்கள் தேநீர்க்கடையில் அன்றைய கணக்கைப் பேசிக்கொண்டிருப்பார்கள். பத்தரை மணிக்குமேல் நடக்க இடமிருக்காது என்பதால் அதற்குள் முடித்துவிட வேண்டும்.

வழிகாட்டி தேவையில்லை என்பது என் கருத்து. இரண்டு கடைக்காரர்களிடம் மரியாதையாகப் பேச்சுக்கொடுத்தால், எந்த வழிகாட்டியும் சொல்லாததை அவர்கள் சொல்வார்கள்.

எல்லைக்கல் எழுதியது:

மண்ணடி வாசி ஐயா சொன்ன முதல் பாதி எனக்கு முழுச் சம்மதம். இரண்டாம் பாதியில் உடன்பட இயலவில்லை. கடைக்காரர் தம் கடையின் வரலாற்றைச் சொல்வார். அந்தக் கடை ஏன் அங்கே இருக்கிறது, அந்தத் தெரு ஏன் அப்படி வளைகிறது என்பது அவர் பாட்டனாருக்கும் முந்தைய செய்தி. ஜார்ஜ் டவுனைப் பொறுத்தவரை முக்கியமானவற்றில் பெரும்பகுதி இப்போது கண்ணுக்குத் தெரியாதவை. அதனால்தான் வழிகாட்டி தேவைப்படுகிறார்.

எடுத்துக்காட்டாக, நீங்கள் பாரிமுனையில் இறங்கியதும் பார்க்கும் உயர் நீதிமன்றத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1892இல் திறக்கப்பட்ட கட்டடம், இந்தோ-சாரசனிக் பாணி, கட்டடக் கலைஞர் ஹென்றி இர்வின் முடித்துவைத்தது என்று எல்லோரும் சொல்வார்கள். ஆனால் அந்த நிலம்தான் பழைய கறுப்பர் நகரம் என்பதை எத்தனை பேர் நிறுத்திச் சொல்கிறார்கள்? 1639இல் ஆங்கிலேயரின் கிழக்கிந்தியக் கம்பெனி நிலம் பெற்றுப் புனித ஜார்ஜ் கோட்டை எழுந்தபின், அதன் வடக்குச் சுவரை ஒட்டி வளர்ந்த ஊர் அங்கேதான் இருந்தது. 1746இல் பிரெஞ்சுக்காரர்கள் கோட்டையைப் பிடித்தபோது அருகிலிருந்த வீடுகளில் ஒரு பகுதியை இடித்தார்கள். 1749இல் திரும்பப் பெற்ற ஆங்கிலேயர், எதிரி மறைந்துநின்று சுடுவதற்கு இனி ஒரு சுவர்கூட இருக்கக்கூடாது என்று மிச்சத்தையும் பின்னர் இடித்துத் திறந்தவெளியாக்கினார்கள். சென்னைக்குப் பெயரோடு பெயராய் நின்ற சென்ன கேசவர், சென்ன மல்லீசுவரர் கோயில்களும் அந்த இடிப்பில் போயின. இன்று பூக்கடைப் பக்கம் தேவராஜ முதலி தெருவில் நாம் பட்டணம் கோயில் என்று வணங்கும் இரட்டைக் கோயில்கள், அவற்றுக்கு மாற்றாக 1760களில் எழுந்தவை.

அந்தத் திறந்தவெளிக்கு அப்பால்தான் இனிக் கட்டலாம் என்று 13 எல்லைத் தூண்கள் நட்டார்கள். அவற்றில் ஒன்று மட்டும் இன்னும் பாரிமுனையில் டேர் ஹவுஸ் என்ற கட்டடத்தின் ஓரத்தில் நிற்கிறது. அதற்கு எதிரே நாள்தோறும் பேருந்துக்காக நிற்கும் ஆயிரக்கணக்கானோரில் ஒருவரும் அதைப் பார்ப்பதில்லை. நானும் கல்லூரிக் காலம் முழுவதும் அதன் அருகிலேயே நின்றிருக்கிறேன், பார்த்ததில்லை. என்னைப் பொறுத்தவரை நடை அந்தத் தூணில்தான் தொடங்க வேண்டும்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். பிராட்வே என்று ஆங்கிலத்தில் அகலமான பெயர் வைத்துக்கொண்டு, மூச்சுவிட முடியாத நெரிசலில் இருக்கும் பிரகாசம் சாலை, ஒரு காலத்தில் வடிகால் பள்ளம். அதற்குக் கிழக்கே முத்தியால்பேட்டை, மேற்கே பெத்தநாயக்கன்பேட்டை. 1707இல் வலங்கை, இடங்கை என்று இரு அணிகளாகப் பிரிந்திருந்த சாதியினருக்கிடையே ஏற்பட்ட பெரும் பூசலை அடக்க முயன்ற ஆளுநர் தாமஸ் பிட், பெத்தநாயக்கன்பேட்டையை வலங்கையினருக்கும் முத்தியால்பேட்டையை இடங்கையினருக்கும் என்று பிரித்தார். அந்தப் பள்ளத்தை 1778இல் சென்னைக்கு வந்த ஸ்டீபன் போப்பம் என்ற வழக்கறிஞர் விலைக்கு வாங்கி, நரிமேட்டு மண்ணைக் கொண்டுவந்து நிரப்பிச் சாலையாக்கினார். பேருந்தின் சன்னலோரம் உட்கார்ந்து சலித்துக்கொள்ளும் சாலைக்குக் கீழே ஒரு பள்ளமும் ஒரு சாதிச் சண்டையும் கிடக்கின்றன. இதைக் கைப்பேசி வரைபடம் காட்டாது.

ஆவணப்பித்தன் எழுதியது:

எல்லைக்கல் அவர்கள் வழிகாட்டிகளுக்காக வாதாடுவது நியாயம்தான். ஆனால் வழிகாட்டிகள் சொல்வதையெல்லாம் அப்படியே எடுத்துக்கொள்ளக்கூடாது என்பதையும் யாராவது சொல்ல வேண்டும்.

தம்புச் செட்டித் தெருவிலுள்ள காளிகாம்பாள் கோயிலுக்கு 1677 அக்டோபர் 3ஆம் நாள் சத்ரபதி சிவாஜி வந்து வழிபட்டார் என்று ஏறக்குறைய ஒவ்வொரு நடையிலும் சொல்கிறார்கள். அது கோயில் வழிவழியாகப் போற்றும் செய்தி. அதைச் சொல்லக்கூடாது என்று நான் கூறவில்லை. 1677இல் சிவாஜி தென்னாட்டுப் படையெடுப்பில் இருந்ததும், கோட்டையிலிருந்த ஆங்கிலேயரிடம் நச்சுமுறி மருந்துகளைக் கேட்டு ஆளனுப்பியதும், அவர்கள் அவற்றைப் பரிசாகவே அனுப்பிவைத்ததும் கம்பெனியின் ஆவணங்களில் பதிவாகியிருக்கின்றன. கோயில் மரபு என்பது ஒன்று, ஆவணப் பதிவு என்பது வேறொன்று. இரண்டும் ஒரே ஆண்டைச் சுட்டுவது சுவையானது. இதைப் பிரித்துச் சொல்ல வழிகாட்டிக்கு அரை நிமிடம் போதும். கேட்பவருக்கும் வரலாறு எப்படி எழுதப்படுகிறது என்பது விளங்கும். ஆனால் பெரும்பாலும் நாளையும் மாதத்தையும் சொல்லி, கைதட்டு வாங்கிக்கொண்டு அடுத்த இடத்துக்குப் போய்விடுகிறார்கள்.

மாறாக, மிக நல்ல செய்தி ஒன்றைப் பலரும் தவறவிடுகிறார்கள். ஆர்மேனியன் தெருவுக்குத் தமிழில் அரண்மனைக்காரத் தெரு என்று பெயர். அங்கே எந்த அரண்மனையும் இருந்ததில்லை. ஆர்மேனியன் என்ற சொல் நம் நாவில் புரண்டு புரண்டு அரண்மனைக்காரன் ஆகிவிட்டது. தெருப்பலகையை நிமிர்ந்து பார்க்கச் சொல்லி இதை விளக்குவதைவிடச் சிறந்த நிறுத்தம் ஜார்ஜ் டவுனில் இல்லை என்பேன்.

நடைத்துணை எழுதியது:

நான் சில ஆண்டுகளாக ஓய்வுநாட்களில் இந்தப் பகுதியில் நடை நடத்துபவன். மேலே வைத்த குறைகளில் சில எனக்கும் பொருந்தும் என்பதால் தயக்கத்தோடுதான் எழுதுகிறேன்.

நாற்பது பேர் என்பது நடையே அன்று, ஊர்வலம். ஜார்ஜ் டவுனில் நடைபாதை என்று ஒன்று பல தெருக்களில் கிடையாது. பன்னிரண்டு பேருக்குமேல் சேர்ந்தால் தெருவை அடைக்காமல் ஓரிடத்தில் நிறுத்திப் பேச முடியாது. சரக்கு வண்டிக்காரர் மணியடிப்பார், கடைக்காரர் முகம் சுளிப்பார், அவர்கள் பக்கம் முழு நியாயமும் இருக்கும். ஆகஸ்ட் 22ஐ ஒட்டி 2004 முதல் நடந்துவரும் சென்னை நாள் கொண்டாட்டக் காலத்தில் கட்டணமில்லா நடைகளுக்கு மிகுந்த கூட்டம் வரும். அந்த வாரத்தைத் தவிர்த்துவிட்டு வேறு நாளில் சிறு குழுவாகக் கேட்டுப்பாருங்கள். பதிவு செய்வதற்குமுன் மூன்று கேள்விகள் கேளுங்கள்: அதிகபட்சம் எத்தனை பேர், எத்தனை நிறுத்தங்கள், எங்கே உட்காரலாம். மூன்றாவது கேள்விக்கு விடை தெரியாத வழிகாட்டியுடன் உங்கள் தாயாரை அழைத்துப்போக வேண்டாம்.

ஞாயிற்றுக்கிழமைகளில் நாங்கள் ஏன் நடத்துகிறோம் என்பதையும் சொல்லிவிடுகிறேன். வருபவர்களுக்கு அன்றுதான் விடுமுறை, எனக்கும் அப்படியே. அதோடு, கட்டடங்களைப் பார்க்க வேண்டுமானால் ஞாயிறுதான் வசதி. 1850இல் கிரேக்கக் கோயில் ஒன்றின் சாயலில் திறக்கப்பட்ட பச்சையப்பன் மண்டபத்தின் தூண்களை, வேலைநாளில் கடைவிரிப்புகளுக்கும் வண்டிகளுக்கும் நடுவே நின்று அண்ணாந்து பார்ப்பது தலைக்கும் காலுக்கும் சேர்த்து ஆபத்து. மண்ணடி வாசி சொல்வதுபோல் தேரைப் பார்க்க வேலைநாள் வேண்டும். தெருவைப் பார்க்க ஞாயிறு வேண்டும்.

தாயாருக்கு முழங்கால்வலி என்கிறீர்கள். அப்படியானால் அரண்மனைக்காரத் தெருவை மையமாக வைத்துக்கொள்ளுங்கள். 1772ஆம் ஆண்டின் ஆர்மேனியத் தேவாலயம் அங்கே இருக்கிறது. தெருவின் இரைச்சலிலிருந்து உள்ளே காலடி வைத்தால், மரநிழலும் தரையில் பதித்த கல்லறைக் கற்களும் அவற்றின்மேல் ஆர்மேனிய எழுத்துகளுமாக வேறோர் ஊருக்குள் வந்துவிட்டதுபோல் இருக்கும். நாற்காலி கிடைக்காவிட்டாலும் படிக்கட்டில் உட்காரலாம். உலகிலேயே ஆர்மேனிய மொழியில் வெளிவந்த முதல் இதழான அஸ்தரார் 1794இல் சென்னையிலிருந்துதான் வெளிவந்தது. அதை நடத்திய பாதிரியார் ஷ்மாவோனியன் அந்த வளாகத்தில்தான் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார். அந்தக் கல்லறைக்கு முன் நான் பத்து நிமிடம் நிற்பேன். இந்தச் செய்தியைக் கேட்டுவிட்டு உடனே நகர யாருக்கும் மனம் வருவதில்லை. தனியே நிற்கும் கோபுரத்தில் ஆறு மணிகள் இருக்கின்றன. ஞாயிறு காலையில் அவற்றை ஒலிக்கச் செய்யும் வழக்கம் உண்டு. ஞாயிற்றுக்கு ஆதரவாக இதையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள். திறந்திருக்கும் நேரத்தை முன்பே விசாரித்துக்கொள்வது நல்லது.

அதே தெருவில் கச்சாலீசுவரர் கோயிலும், செவ்வாய்க்கிழமைகளில் எல்லா மதத்தவரும் வரிசையில் நிற்கும் அந்தோனியார் திருத்தலமும் இருக்கின்றன. ஒரே தெருவில் இரண்டு மணி நேரம் செலவிட்டால் போதும். பதினான்கு இடங்கள் எதற்கு?

ஆவணப்பித்தன் சொன்ன சிவாஜி செய்தியில் நானும் குற்றவாளியே. இனிப் பிரித்துச் சொல்கிறேன்.

மண்ணடி வாசி எழுதியது:

நடைத்துணை அவர்கள் கடைக்காரர் பக்கத்து நியாயத்தைச் சொன்னதற்கு நன்றி. ஒரு வேண்டுகோள் மட்டும்: சுமை தூக்குபவர்களை அனுமதி கேட்காமல் படமெடுக்க வேண்டாம் என்று உங்கள் குழுவினரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள். எண்பது கிலோ மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு நிற்பவரை ஒதுங்கச் சொல்லிப் படமெடுத்த ஒருவரைக் கண்ணால் கண்டிருக்கிறேன். அன்று அந்தத் தோழர் பேசிய தமிழை இங்கே எழுத முடியாது.

வழிகாட்டி தேவையில்லை என்று சொன்னதைப் பாதி திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். அந்த 13 தூண்களைப் பற்றி எனக்கே தெரியாது.

சின்னக்கடை எழுதியது:

நடைமுறைச் செய்திகள் சில. வயதானவர்களோடு வருபவர்கள் மெட்ரோவில் வாருங்கள்; உயர் நீதிமன்ற நிலையமும் மண்ணடி நிலையமும் இந்தப் பகுதியின் இரு முனைகளில் இருப்பதால், ஒன்றில் இறங்கி மற்றொன்றில் ஏறிவிடலாம், வந்த வழியே திரும்பி நடக்க வேண்டியதில்லை. தெருக்களில் பொதுக் கழிப்பறையை நம்பவேண்டாம். செருப்பு எளிதில் கழற்றக்கூடியதாகவும் வழுக்காததாகவும் இருக்கட்டும், ஏனெனில் கோயில்களும் உண்டு, காய்கறிக் கழிவும் உண்டு. உயர் நீதிமன்ற வளாகத்துக்குள் நினைத்தபோது நுழைய முடியாது; வெளியிலிருந்து பார்ப்பதோடு நிறைவடையுங்கள். அதன் உயர்ந்த கோபுரத்தின் உச்சியில் 1894 முதல் 1977 வரை கலங்கரை விளக்கம் எரிந்தது என்பதைச் சாலையில் நின்றபடியே சொல்லிக்காட்டலாம். 1914 செப்டம்பர் 22ஆம் நாள் இரவு எம்டன் என்ற ஜெர்மன் போர்க்கப்பல் குண்டுவீசியதும் இந்தக் கரையில்தான். கெட்டிக்காரத்தனமாக வேலை பார்ப்பவனை எம்டன் என்று நம் பாட்டிமார் சொன்னதற்கு அதுதான் மூலம் என்றால் குழந்தைகள்கூடக் காதைத் தீட்டிக்கொள்வார்கள்.

கோவைப் பயணி எழுதியது:

அனைவருக்கும் நன்றி. சென்ற சனிக்கிழமை போய்வந்தோம். ஞாயிறா வேலைநாளா என்ற வழக்கில் நடுவில் விழுந்த நாள் என்பதால் சனிக்கிழமையைத் தேர்ந்தெடுத்தேன். கடைகள் திறந்திருந்தன, மணியோசை கிடைக்கவில்லை.

வழிகாட்டியிடம் மூன்று கேள்விகளையும் கேட்டேன். எட்டுப் பேர், ஐந்து நிறுத்தங்கள், தேவாலயத்தில் இருபது நிமிட ஓய்வு என்றார். டேர் ஹவுஸ் தூணில் தொடங்கச் சொல்லிக் கேட்டுக்கொண்டேன். அவருக்கு அதில் வியப்பும் மகிழ்ச்சியும். தூண் என் தோளுயர நினைவுச் சின்னமாக இருக்கும் என்று கற்பனை செய்திருந்த அம்மா, இதையா பார்க்க வந்தோம் என்று முதலில் கேட்டார். அங்கிருந்து சாலையைக் கடந்து நீதிமன்றத்தைப் பார்த்தபடி, இங்கிருந்த ஊரையும் கோயிலையும் இடித்த கதையை வழிகாட்டி சொன்னபின் அவர் பேச்சு மாறிவிட்டது. பட்டணம் கோயிலுக்குப் போனபோது மூலவரைச் சேவித்துவிட்டு அவர் கேட்ட முதல் கேள்வி: இடித்ததற்கு ஈடாகக் காசு கொடுத்தார்களா, நிலம் கொடுத்தார்களா? கம்பெனி மாற்று நிலம் கொடுத்தது, மணலி முத்துகிருஷ்ண முதலியாரும் ஊராரும் பொருள் கொடுத்தார்கள் என்றார் வழிகாட்டி. அதன்பின் எல்லா இடத்திலும் யார் நிலம், யார் பணம் என்று அம்மா கேட்டுக்கொண்டே வந்தார். நானும் முதல் நடையில் இந்தக் கேள்வியைக் கேட்டிருக்க வேண்டும் என்று தோன்றியது, ஆண்டுகளையே குறித்துக்கொண்டிருந்துவிட்டேன்.

பவழக்காரத் தெருவில் ஒரு சிறு தகராறு. பவழம் கொண்டுவந்து விற்று வைரம் வாங்கிச்சென்ற யூத வணிகர்கள் ஒரு காலத்தில் வாழ்ந்த தெரு என்று வழிகாட்டி சொல்ல, எங்கள் பக்கத்துச் செட்டியார்கள் வந்து தங்கும் விடுதி இருக்கும் தெரு என்றுதான் இதைக் கேள்விப்பட்டிருக்கிறேன் என்று அம்மா சொல்ல, இரண்டும் சரி, வெவ்வேறு நூற்றாண்டு என்று முடிந்தது. அரண்மனைக்காரத் தெருப் பலகைக்குக் கீழே நின்று அம்மா சிரித்த சிரிப்பைப் படமெடுத்திருக்கிறேன். அந்தத் தேவாலயத்தில் இருபது நிமிடம் என்பது முக்கால் மணி நேரமாகிவிட்டது. முழங்கால் ஒரு காரணம், அந்த நிழல் இன்னொரு காரணம். அதனால் கந்தகோட்டம் விட்டுப்போயிற்று. வள்ளலார் பாடிய முருகனைப் பார்க்காமல் வந்துவிட்டோமே என்பது அம்மாவின் ஒரே குறை.

நடை முடிந்ததும் ஆண்டர்சன் தெருவில் அம்மா மொய்க் கவர் இருநூறு வாங்கினார். கோவை விலையைச் சொல்லிப் பேரம் பேசி, கடைக்காரர் விட்டுக்கொடுக்காமல், கடைசியில் கவர் விலையைக் குறைக்காமல் ஒரு நாட்காட்டியைச் சேர்த்துக் கொடுத்து அனுப்பினார். மண்ணடி வாசி ஐயாவுக்கு ஒரு கேள்வி: அடுத்த முறை கந்தகோட்டத்தில் தொடங்கி, 1772இல் கோட்டைக்குத் தண்ணீர் கொடுக்கத் தோண்டிய ஏழுகிணறு வரை முழங்கால்வலிக்காரரால் நடக்க முடியுமா, அல்லது இடையில் ஆட்டோ பிடிக்க வேண்டுமா?

மண்ணடி வாசி எழுதியது:

தூரம் பெரிதில்லை, நெரிசல்தான் பெரிது. காலை எட்டு மணிக்குமுன் தொடங்கினால் நடக்கலாம். வருவதற்கு முதல்நாள் இங்கே ஒரு வரி போடுங்கள், நானும் வருகிறேன்.